பின்கட்டு அருவி

எங்கள் வீட்டில் மோட்டார் போடுகிறவர்தான் அதை நிறுத்தவும் வேண்டும். போட்டுவிட்டுக் கடைக்குப் போவது, போனில் பேச்சு சுவாரசியத்தில் மறந்துவிடுவது எல்லாம் நடக்காது. மாடித் தொட்டி நிரம்பி வழிந்தால் மற்ற வீடுகளில் திட்டுவார்கள். எங்கள் வீட்டில் யாரும் திட்டுவதில்லை, ஓடுவார்கள். மதினி தாளிப்பைக் கரியவிட்டுவிட்டு ஓடியிருக்கிறாள். போலீஸ்காரனான என் அண்ணன் பாதி முகத்தில் சோப்பு நுரையோடு மாடிப்படி ஏறியிருக்கிறான். தகரத்தின் மேல் தண்ணீர் கொட்டுகிற சத்தம் என் காதில் விழக்கூடாது, அதற்குத்தான் அந்த ஓட்டம்.

நான் இலத்தூர்க்காரி. குற்றாலம் எங்களுக்குக் கூப்பிடு தூரம். ஆனி ஆடியில் சாரல் தொடங்கிவிட்டால் மெட்ராஸில் இருக்கிற சொந்தக்காரர்கள் வரிசையாகப் போன் போடுவார்கள். நலம் விசாரிப்பெல்லாம் அப்புறம்தான். முதல் கேள்வி, "தண்ணி விழுதா?" "விழுது, விழுது" என்று சொல்லிவிட்டுப் போனை மதினியிடம் கொடுத்துவிடுவேன். ஊரெல்லாம் தலையில் எண்ணெயும் தோளில் துண்டுமாகத் திரிகிற மாதங்களில் நான் ஜன்னலைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். அவர்களை அந்தக் குழாய்க்குக் கீழே யாரும் உட்கார வைத்ததில்லை.

குற்றாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி, தோப்புகளுக்கு நடுவே அந்த இல்லம் இருந்தது. பெயரைச் சொல்ல மாட்டேன். முதலில் அது சீசன் லாட்ஜ். புத்தி பேதலித்தவர்களை அருவிக்குக் கூட்டி வருவது எங்கள் பக்கத்தில் இன்று நேற்று வந்த பழக்கம் அல்ல. அருவித் தண்ணீர் உச்சந்தலையில் அடித்தால் சூடு இறங்கிவிடும், சூடு இறங்கினால் புத்தி தெளியும் என்று நம்பிக்கை. கையில் கயிறு கட்டிக்கூடக் கூட்டி வருவார்கள். அப்படி வருகிறவர்களுக்கு லாட்ஜ்காரர் பின்னால் இருந்த தகரக் கொட்டகையில் இடம் கொடுத்திருக்கிறார். சீசன் முடிந்ததும் சிலரைக் கூட்டிப்போக வீட்டார் வரவில்லை. அடுத்த வருஷம் இன்னும் சிலர். இப்படி விட்டுப்போனவர்கள் சேரச் சேர, அவர் மகன் காலத்தில் லாட்ஜ் மனநல இல்லமாகிவிட்டது. மகனை எல்லோரும் அண்ணாச்சி என்பார்கள். எங்களையும் அப்படித்தான் கூப்பிடச் சொல்வார். இல்லம் என்று போர்டு மாட்டினாலும் பழைய தொழிலை அவர் விடவில்லை. சீசன் வந்தால் முன்கட்டு அறைகளைக் கழுவி, பத்தி கொளுத்தி, வெளியூர்க்காரர்களுக்கு வாடகைக்கு விடுவார். எங்களைப் பின்கட்டு ஹாலுக்குத் தள்ளி வெளியே தாழ்ப்பாள் போட்டுவிடுவார்கள்.

எனக்கு உடம்புக்கு முடியாமல் போனது பொய்யில்லை. மகள் பிறந்த பிறகு தூக்கம் போயிற்று. பிள்ளை தூங்கும்போதும் அதன் அழுகை எனக்குக் கேட்டது. பாலில் யாரோ எதையோ கலக்கிறார்கள் என்று தோன்றி, பால் புட்டியைத் தெருவில் வீசினேன். ஒரு நாள் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, செருப்புகூடப் போடாமல் செங்கோட்டை ரோட்டில் நடக்க ஆரம்பித்துவிட்டேன். வீட்டுக்காரர் வளைகுடாவில் இருந்தார். "மச்சான் சொல்றபடி செய்ங்க" என்று போனிலேயே முடித்துக்கொண்டார். அண்ணன் ரொம்ப யோசித்துத்தான் என்னை அங்கே கொண்டுபோய் விட்டான். "குத்தாலத் தண்ணி. ஒரு மண்டலம் தலையில பட்டாத் தெளிஞ்சிரும். பெறவு பிள்ளையத் தூக்கலாம்ட்டி" என்றான். பிள்ளை மதினியின் இடுப்பில் இருந்தது. நான் தெளிந்தால் பிள்ளை எனக்கு, தெளியாவிட்டால் இல்லை. அந்த ஒன்று மட்டும் எனக்கு அப்போதும் தெளிவாகவே புரிந்தது.

எங்கள் அத்தனை பேரையும் அருவிக்குக் கூட்டிக்கொண்டு போவது சிரமம் என்று, அண்ணாச்சி அருவியையே பின்கட்டுக்குக் கொண்டுவந்திருந்தார். மாடியில் பெரிய கறுப்புத் தொட்டி. அதிலிருந்து தொடை கனத்துக்கு ஒரு குழாய் நேராகக் கீழே பார்த்து இறங்கியிருக்கும். திருகைத் திறந்தால் தண்ணீர் முதலில் கொட்டகைத் தகர விளிம்பில் சிதறிப் பெரிய சத்தம் போடும். அந்தச் சத்தம் கேட்ட உடனே குத்தவைத்து உட்கார்ந்துவிட வேண்டும். இரண்டு கையையும் பிடரியில் கோத்துக்கொண்டு தலையைக் கவிழ்க்க வேண்டும். கையைக் கொண்டு தண்ணீரைத் தடுக்கக்கூடாது, அதற்கு அந்த ஏற்பாடு. உட்காரத் தாமதித்தால் கூடுதல் நேரம். அப்புறம் தண்ணீர் விழும். மண்டையில் விழுந்து, காதை அடைத்து, மூக்கில் ஏறும். மூச்செடுக்க வாயைத் திறந்தால் தண்ணீர், மூடினால் மூச்சில்லை. முதல் நாள் நான் செத்துவிட்டதாகவே நினைத்தேன். "போதும்! போதும்!" என்று கத்தினேன்.

பக்கத்தில் நின்று எங்களைப் பார்த்துக்கொள்கிறவளைப் பெரியக்கா என்போம். அவள் கோபப்படவில்லை. பள்ளிக்கூடத்தில் பாடம் சொல்லித் தருகிற மாதிரி சொன்னாள். "போதும்னு சொல்லுதவளுக்குத்தான்ட்டி இன்னும் சூடு இறங்கல."

போதும் என்று சொன்னால் இன்னும் கொஞ்சம். சொல்லாமல் இருந்தால் அன்றைக்குள்ள அளவு. பைத்தியம் என்று சொல்லப்பட்ட நாங்கள் எல்லோரும் இந்தக் கணக்கை இரண்டு மூன்று நாளில் படித்துக்கொண்டோம். அதன்பிறகு அந்தக் கொட்டகையில் 'போதும்' என்ற வார்த்தை புதிதாக வருகிறவள் வாயிலிருந்து மட்டும்தான் வரும். எங்களுக்கு அதைக் கேட்கவே பயமாக இருக்கும்.

சாரல் நன்றாகப் பிடித்த பிறகு அண்ணனும் மதினியும் பார்க்க வந்தார்கள். பிள்ளையைக் கொண்டுவரவில்லை. போனில் காட்டினார்கள். தவழ ஆரம்பித்திருந்தாள், கீழே இரண்டு பல் முளைத்திருந்தது. நான் போனைத் திருப்பிக் கொடுக்க மாட்டேன் என்று பிடித்துக்கொண்டேன். அண்ணாச்சி சிரித்தபடி வந்தார்.

"முகம் தெளிஞ்சிருக்குல்லா? மெயினருவிக்குக் கூட்டிட்டுப் போங்க. நல்லா சந்தோசமாக் குளிச்சான்னா அப்படியே வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிரலாம்" என்றார்.

அண்ணனுக்கு முகமெல்லாம் பல். அருவி என்றதும் நான் போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஆனால் தெருவில் இறங்கியதும் ஒரு தைரியம் வந்தது. இரண்டு நிமிஷம் நின்றால் போதுமே, அதற்கு மேல் யார் கேட்கப்போகிறார்கள்? சிரித்துக்கொண்டே நின்றுவிட்டு வந்துவிட்டால் பிள்ளை என் மடியில். மதினி எனக்கு எண்ணெய் தேய்த்தாள். நனைந்த சேலைகளுக்கு நடுவே பெண்கள் பக்கம் போனோம். சின்னப் பெண்கள் கூச்சல் போட்டுக்கொண்டு ஓடினார்கள். நான் மகளின் இரண்டு பல்லை நினைத்துக்கொண்டே நடந்தேன். அருவிச் சத்தம் பக்கத்தில் வந்தது. அதன்பிறகு நடந்ததை என் கால்கள்தான் செய்தன. முழங்கால் தானாக மடிந்தது, கைகள் தானாகப் பிடரிக்குப் போயின. அத்தனை பெண்களுக்கு நடுவே ஈரத் தரையில் குத்தவைத்து உட்கார்ந்துவிட்டேன். "எந்திரிட்டி, ஒண்ணுமில்லட்டி" என்று மதினி கையைப் பிடித்து உள்ளே இழுத்தாள். நான் அலறிக்கொண்டு அவள் கையைக் கடித்தேன். ரத்தம் வந்துவிட்டது.

குற்றாலத்துக்குப் பக்கத்தில் பிறந்தவள் அருவியைப் பார்த்து அலறினால், அதற்கு மேல் அவளுக்குப் பைத்தியம் என்பதற்கு வேறு என்ன அத்தாட்சி வேண்டும்? திரும்பி வருகிற ஆட்டோவில் மதினி அண்ணனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். "குத்தவச்சு உக்காந்துட்டா. பிடரியில கையக் கோத்துக்கிட்டு, என்னமோ மாதிரி" என்றாள்.

நான் அண்ணனின் சட்டையைப் பிடித்துக்கொண்டேன். "அண்ணே, என்னைய அங்கன விட்டுறாதண்ணே. தண்ணி ஊத்துதாங்கண்ணே."

அவன் என்னைப் பரிதாபமாகப் பார்த்தான். "தண்ணிதானட்டி ஊத்துதாங்க? வெந்நியா ஊத்துதாங்க? குத்தாலத்துல வந்து தண்ணி ஊத்துதாங்கன்னு கம்ப்ளைண்ட் சொல்லுதியே."

அவன் போலீஸ்காரன். அடித்தார்கள் என்றால் தழும்பைத் தேடுவான், சூடு போட்டார்கள் என்றால் கொப்புளத்தைத் தேடுவான். தண்ணீருக்கு எந்தத் தடயத்தைத் தேடுவான்? என்னை வாசலில் இறக்கிவிட்டு, ஆட்டோ திரும்புகிறவரை அவன் என்னைப் பார்க்காமலேயே உட்கார்ந்திருந்தான்.

அதன்பிறகு சில நாள் கழித்து ஒரு அம்மாள் வந்தாள். பின்கட்டில் எங்களுக்குத் தண்ணீர் நடந்துகொண்டிருந்தது. புதிதாக வந்த ஒரு பெண் அலறிக்கொண்டிருந்தாள். தோப்பு வழியாக ஒருத்தி வருவதைப் பார்த்தேன். தலை நிறைய எண்ணெய், தோளில் துண்டு, கையில் சீயக்காய்ப் பொட்டலம். முன்கட்டில் தங்க வந்த வெளியூர்க்காரி. எஸ்டேட்டுக்குள்ளே தனி அருவி இருக்கிறதாமே என்று சீசனில் வருகிறவர்கள் எப்போதும் தேடிக்கொண்டு திரிவார்கள். தண்ணீர் கொட்டுகிற சத்தமும் பெண்கள் கூச்சலும் கேட்டு, அப்படி ஒரு அருவி பின்னால் இருக்கிறது என்று நினைத்து வந்துவிட்டாள்.

"ஏங்க, தனி அருவி இதானா? நாங்களும் குளிக்கலாமா?" என்று சிரித்துக்கொண்டே கேட்டவள், கொட்டகைக்குள் பார்த்ததும் நின்றாள். நெற்றியில் எண்ணெய் வழிந்து கண்ணுக்குள் இறங்கியது, அவள் துடைக்கவில்லை. என்னை நேராகப் பார்த்தாள். எனக்கு அவளிடம் ஏதாவது சொல்ல வேண்டும் என்று இருந்தது. அதற்குள், "இது ட்ரீட்மெண்ட்மா, நீங்க முன்னால போங்க" என்றாள் பெரியக்கா. அந்த அம்மாள் திரும்பிப் போய்விட்டாள். அன்று முழுக்க நான் மனசுக்குள் அவளைக் கரித்துக் கொட்டினேன். கண்ணால் பார்த்தவளும் போய்விட்டாளே. அவள்தான் புகார் கொடுத்தவள் என்பது எனக்கு வெகுநாள் கழித்துத் தெரிந்தது. எந்த ஊர், என்ன பேர், இன்றுவரை தெரியாது. அந்த வருஷம் அவள் குளித்தாளா என்பதும் தெரியாது.

விசாரணைக்கு ஆள் வருகிறார்கள் என்றதும் இல்லம் கல்யாண வீடு மாதிரி ஆகிவிட்டது. பினாயில் மணத்தது. எங்களுக்குப் புது நைட்டி, தலையில் பூ, ஆளுக்கொரு வாழைப்பழம். தண்ணீர் வசதியெல்லாம் குறைவில்லாமல் இருக்கிறது என்று காட்ட, அண்ணாச்சி காலையிலேயே மோட்டாரைப் போடச் சொன்னார். பிறகு எங்களை வரிசையாக உட்கார வைத்துப் பேசினார். மிரட்டவே இல்லை.

"கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க, உள்ளதச் சொல்லுங்க. அவங்க சாயங்காலம் கிளம்பிருவாங்க. நாமதான் இங்கன ஒண்ணா இருக்கப் போறோம்" என்றார்.

வந்தவர்களில் பெரியவர் ஒரு பெண் நீதிபதி. கூட ஒரு டாக்டரும் இரண்டு மூன்று அதிகாரிகளும். காவலுக்கு வந்த போலீஸ்காரர்களில் என் அண்ணனும் இருந்தான். சீசன் டூட்டிக்குக் குற்றாலத்தில் போட்டிருந்தார்கள், அங்கிருந்து அனுப்பியிருக்கிறார்கள். என்னைப் பார்த்ததும் வாசல் பக்கமாக நகர்ந்து நின்றுகொண்டான்.

நீதிபதி நல்ல மாதிரிதான். ஒவ்வொருத்தியிடமும் குனிந்து கேட்டார். அண்ணாச்சி மரியாதையாக, கை எட்டாத தூரத்தில், ஆனால் எங்கள் கண் படுகிற இடத்தில் நின்றார்.

"யாராவது அடிக்கிறாங்களா?"

"இல்ல."

"நேரத்துக்குச் சாப்பாடு தர்றாங்களா?"

"தாராவ."

"குளிக்க வைக்கிறாங்களா?"

"ஆமா. தினமும்."

யாரும் பொய் சொல்லவில்லை. கேள்விகள் எல்லாம் தழும்பைத் தேடின. தினமும் குளியல் என்றதும் நீதிபதிக்குத் திருப்திதான், முகத்தில் தெரிந்தது. என் முறை வந்தது. நான் அண்ணனைப் பார்த்தேன். சமர்த்தாகப் பதில் சொல்லி வீட்டுக்கு வந்துவிடு என்று அவன் முகம் கெஞ்சியது. உண்மையைச் சொன்னால் இவர்களும் வெந்நீரா என்று கேட்பார்கள். சாயங்காலம் கிளம்பிவிடுவார்கள், குழாய் கிளம்பாது. இன்னும் தெளியவில்லை என்று அண்ணாச்சி ஒரு வார்த்தை சொன்னால் என் பிள்ளை நடக்கப் பழகுவதும் மதினி கையைப் பிடித்துத்தான்.

"நல்லா பாத்துக்கிடுதாவ" என்றேன்.

முடிந்தது. அதிகாரிகள் எழுந்தார்கள். டீ வந்தது. அண்ணாச்சி தன் கையாலேயே எல்லோருக்கும் கொடுத்தார். அந்த உபசார அவசரத்தில் காலையில் போட்ட மோட்டாரை நிறுத்த யாருக்கும் ஞாபகம் இல்லை. மாடித் தொட்டி நிரம்பி வழிந்தது. பின்கட்டுத் தகரத்தில் தண்ணீர் தடதடவென்று கொட்டியது.

நாங்கள் அத்தனை பேரும் குத்தவைத்து உட்கார்ந்தோம். கிழவியிலிருந்து சின்னப் பெண்வரை, புது நைட்டியோடு, பூ வைத்த தலையோடு, பிடரியில் கையைக் கோத்துத் தலையைக் கவிழ்த்து உட்கார்ந்தோம். யாரும் சொல்லவில்லை, யாரும் யாரையும் பார்க்கவில்லை. நான் கண்ணை இறுக மூடியிருந்தேன். தலையில் தண்ணீர் விழப்போகிற அந்த நொடிக்காக மூச்சைப் பிடித்துக்கொண்டேன். விழவில்லை. விழாமல் இருந்தது இன்னும் பயமாக இருந்தது.

"என்ன இது? ஏன் எல்லாரும் இப்படி உட்கார்ந்துட்டாங்க?" என்று நீதிபதியின் குரல் கேட்டது.

"தியானம்மா. இந்நேரம் தியானம் பழக்கியிருக்கோம்" என்றார் அண்ணாச்சி.

வாசல் பக்கமிருந்து ஒரு கத்தல் கேட்டது. "ஏலே, மோட்டார நிறுத்துங்கலே!" என் அண்ணன். ஆட்டோவில் மதினி சொன்னது அவனுக்கு அப்போதுதான் உறைத்திருக்க வேண்டும். யாரும் அசையாததைப் பார்த்து அவனே ஓடினான். பூட்ஸ் காலோடு ஹாலுக்குள் எங்களைத் தாண்டிக் குதித்து ஓடிய சத்தம் கேட்டது. சுவிட்ச் எங்கே என்று தெரியாமல் எதையெதையோ அணைத்தான். ஃபேன் நின்றது, லைட் அணைந்தது, கடைசியில் தண்ணீரும் நின்றது. அதன்பிறகும் நாங்கள் எழுந்திருக்கவில்லை. எழுந்திரு என்று பெரியக்கா சொல்லவில்லையே.

நீதிபதி டீ கிளாஸை வைத்துவிட்டுச் சத்தம் வந்த பக்கம் போனார். குழாயைப் பார்த்தார். திருகைத் திறக்கச் சொல்லி, அதன் கீழே கையை மட்டும் நீட்டினாராம். தண்ணீர் விழுந்த வேகத்தில் கை கீழே போய்விட்டதாம். அண்ணன் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறான், அவன் மதினியிடம் சொல்லித்தான் எனக்குத் தெரியும். திரும்பி வந்தவர் என் முன்னால் தரையில் உட்கார்ந்தார். இந்தத் தடவை வேறு கேள்வி கேட்டார்.

"தண்ணி ஊத்தும்போது நீ என்னம்மா சொல்லுவே?"

"ஒண்ணும் சொல்ல மாட்டோம். சொன்னா இன்னும் ஊத்துவாவ" என்றேன். அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது.

இல்லத்தை மூடினார்கள். எங்களை அரசு ஆஸ்பத்திரிக்கு மாற்றினார்கள். அங்கே மாத்திரை கொடுத்தார்கள், தூக்கம் வந்தது, கொஞ்சம் கொஞ்சமாகப் பிள்ளையின் அழுகை பிள்ளை அழும்போது மட்டும் கேட்டது. வீட்டுக்கு வந்தபோது மகள் என்னைப் பார்த்து வீறிட்டு மதினியின் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அவளை என்னிடம் ஒட்டவைக்க மதினி பட்ட பாட்டை நான் மறக்க மாட்டேன். நான் கடித்த தழும்பு அந்தக் கையில் இன்னமும் இருக்கிறது. வழக்கு இன்னும் நடக்கிறது. போன தடவை கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் கேட்ட முதல் கேள்வி, "உங்களை யாராவது அடித்தார்களா?" என்பதுதான். அந்தக் கட்டடம் மறுபடியும் லாட்ஜாகிவிட்டது. புதுப் பெயின்ட், புதுப் பெயர். அந்தப் பக்கம் பஸ் போனால் நான் கண்ணை மூடிக்கொள்வேன்.

அண்ணன் அதைப்பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை. தொட்டி வழிந்தால் ஓடுவான், அவ்வளவுதான்.

போன சாரலில் மகள் ஒரே அடம். பள்ளிக்கூடத்தில் எல்லோரும் அருவிக்குப் போய்விட்டார்களாம், இவள் மட்டும் போனதில்லையாம். எனக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. என் பயத்தை அவளுக்குச் சொத்தாக எழுதிவைக்க முடியுமா? சின்ன அருவியாக இருக்கட்டும் என்று புலியருவிக்குப் போனோம். நான் ரம்புட்டான் பழம் விற்கிற கடையோரம் நின்றுகொண்டேன். அண்ணன் அவள் கையைப் பிடித்துக் கூட்டிப்போனான். தண்ணீர்ச் சத்தம் அங்கேவரை கேட்டது. முழங்கால் மடியப் பார்த்தது. கடைக்காரரின் தட்டியைப் பிடித்துக்கொண்டேன். சத்தத்துக்கு நடுவே ஒரு பிள்ளை அலறியது. என் பிள்ளையா, வேறு பிள்ளையா தெரியவில்லை. ஓடிப்போய்ப் பார்க்கவும் கால் வரவில்லை.

கொஞ்ச நேரத்தில் இரண்டு பேரும் வந்தார்கள். மகளுக்குப் பல் தந்தியடித்தது. அவள் பின்னால் அண்ணன் தலையைத் துவட்டிக்கொண்டு வந்தான்.

"பயந்தியாட்டி?" என்று கேட்டேன்.

"மொதல்ல இல்லம்மா. பெறவு மூச்சு முட்டுச்சு. போதும் மாமான்னேன்."

"மாமா என்ன செஞ்சாவ?"

அவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். இதெல்லாம் ஒரு கேள்வியா என்று இருந்தது அவளுக்கு.

"போதும்னு சொன்னா வெளிய கூட்டிட்டுதானம்மா வருவாவ" என்றாள்.

அண்ணனின் துண்டு அவன் தலையிலேயே நின்றுவிட்டது. நான் அவன் பக்கம் பார்க்கவில்லை. பிள்ளையை இழுத்து அணைத்து, ஈரத் தலையைத் துவட்ட ஆரம்பித்தேன்.